கிராமத்துக் காதலைக் கதையில் எழுதுவது: அடிக்கடி கேட்கப்படும் கேள்விகள்

கதை எழுத வருபவர்களில் பலர் முதலில் கையில் எடுப்பது காதலைத்தான். அதிலும் ஊரில் பிறந்தவர்கள் ஊர்க் காதலை. எழுதியதைப் படித்துச் சொல்லும்படி என்னிடம் கொடுப்பவர்கள் கேட்கும் கேள்விகள் பெரும்பாலும் ஒன்றாகவே இருக்கின்றன. அதனால் பதில்களை ஓரிடத்தில் எழுதி வைக்கிறேன். எனக்குச் சொந்த ஊர் சிவகங்கைப் பக்கம், வானம் பார்த்த பூமி. உதாரணங்கள் அந்தப் பக்கத்து மண்ணோடுதான் வரும். மற்றவர்கள் தங்கள் ஊருக்கு ஏற்றபடி மாற்றிக்கொள்ளலாம்.

நகரத்துக் காதல் கதைக்கும் கிராமத்துக் காதல் கதைக்கும் இடத்தைத் தவிர என்ன வித்தியாசம்?

ஊரில் ஆளுக்கு ஆயிரம் கண். தினமும் வடக்குத் தெரு வழியாக வயலுக்குப் போகிறவன் ஒருநாள் தெற்குத் தெரு வழியாகப் போனால், சாயங்காலத்துக்குள் மூன்று பேர் அவனிடம் காரணம் கேட்டுவிடுவார்கள். கேட்காத நாலாவது ஆள்தான் ஆபத்து. நகரத்தில் பக்கத்து வீட்டுக்காரர் பெயர் தெரியாமலே பத்து வருஷம் ஓடிவிடும். ஊரில் பக்கத்து வீட்டு அடுப்பில் இன்றைக்கு என்ன குழம்பு என்பது வரைக்கும் தெரியும்.

அதனால் கிராமத்துக் காதல் கதையின் உயிர் 'இவர்கள் காதலிப்பார்களா' என்பதில் இல்லை. ஊரே பார்த்துக்கொண்டிருக்கும்போது இந்த இரண்டு பேருக்கு மட்டும் என்று ஒரு சின்ன இடம், ஒரு சின்ன நேரம், ஒரு சின்ன மொழி எப்படிக் கிடைக்கிறது என்பதில்தான் இருக்கிறது. நான் படித்த நல்ல ஊர்க் காதல் கதைகள் எல்லாமே இதைச் சொன்னவைதான். கீழே உள்ள பதில்களும் ஏதோ ஒரு விதத்தில் இதற்கே திரும்பி வரும்.

இதை நம் முன்னோர்கள் நன்றாகவே அறிந்திருந்தார்கள். ஊர்ப்பேச்சுக்கு, காதல் பாட்டுகளுக்கான பழைய இலக்கணமான அகப்பொருள் இலக்கணம் இரண்டு பெயர் வைத்திருக்கிறது. வாய்க்குள் முணுமுணுப்பாக, மொட்டு நிலையில் இருப்பது அம்பல். வெளிப்படையாகப் பூத்து ஊர் முழுக்கப் பரவியது அலர். திருக்குறளில் 115ஆவது அதிகாரம் முழுக்க இந்த அலரைப் பற்றியதுதான். அதில் 1147ஆவது குறள், ஊர்ப்பேச்சை எருவாகவும் தாயின் கடுஞ்சொல்லை நீராகவும் கொண்டு காதல் நோய் வளர்வதாகச் சொல்கிறது. வயலில் நின்று பார்த்தவருக்குத்தான் இப்படி ஓர் உவமை தோன்றும். உங்கள் கதையில் அம்பல் எந்தப் பக்கத்தில் இருக்கிறது, அலர் எந்தப் பக்கத்தில் வருகிறது என்று பாருங்கள். இரண்டுக்கும் இடையில் உள்ள பக்கங்கள்தான் காதலர்களுக்குக் கிடைத்த நாட்கள்.

அவர்கள் எங்கே சந்திப்பார்கள்? எப்போதும் தோப்பும் கிணற்றடியும்தானா?

கிணற்றடியை விட்டுவிடுங்கள் என்று நான் சொல்ல மாட்டேன். ஆனால் உங்கள் கதை எந்த வருஷம் நடக்கிறது என்பதை முதலில் முடிவு செய்யுங்கள். 1970களில் கிணற்றடி சரி. அப்புறம் அடிகுழாய், அதற்கப்புறம் தெருக்குழாய். 2019இல் ஜல் ஜீவன் திட்டம் வந்த பிறகு பல ஊர்களில் வாசலுக்கே குழாய் வந்துவிட்டது. 2023இல் நடக்கும் கதையில் பெண் குடத்தை எடுத்துக்கொண்டு கிணற்றுக்குப் போனால், வீட்டுக் குழாயில் அன்றைக்கு ஏன் தண்ணீர் வரவில்லை என்று எனக்குத் தெரிய வேண்டும். அந்தக் காரணத்தையே கதையாக்கலாம். குழாயில் வந்தும் 'உப்புத் தண்ணி' என்று சொல்லிவிட்டு ஊருணிக்குப் போகிற பெண்ணை எனக்கு உடனே பிடித்துவிடும்.

ஊரில் ஆணும் பெண்ணும் ஒரே இடத்தில் நிற்பதற்கு எப்போதும் ஒரு வேலை வேண்டும். அந்த வேலைதான் அவர்களுக்கு அனுமதிச் சீட்டு. நடவு வயலில் பெண்கள் வரிசையாகக் குனிந்து நடுவார்கள். ஆண்கள் நாற்றங்காலில் இருந்து நாற்று முடியை, அதாவது நாற்றுக் கட்டைத் தூக்கிக்கொண்டு வந்து வயலில் வீசுவார்கள். முடி யாருக்குப் பக்கத்தில் விழுகிறது என்பதே ஒரு சேதி. கடலை ஆயும்போது குவியலைச் சுற்றி உட்கார்ந்து கை வேலையும் வாய்ப்பேச்சுமாக மணிக்கணக்கில் இருக்கலாம். அறுப்புக் காலத்தில் களத்தில் நெல்லுக்குக் காவல் படுப்பது உண்டு. அறுவடை இயந்திரம் வந்தபிறகு அந்த இரவுகள் பெரும்பாலும் போய்விட்டன. அது காதலுக்கும் ஓர் இழப்பு என்று நான் உண்மையாகவே நினைக்கிறேன்.

அடுத்தது திருவிழா. எங்கள் பக்கத்தில் முளைப்பாரி போடும் நாட்களில் இருட்டறையில் நவதானியம் முளைத்துக்கொண்டிருக்க, ராத்திரி பெண் பிள்ளைகள் கூடிக் கும்மியடிப்பார்கள். மற்ற நாட்களில் விளக்கு வைத்தபின் வாசலைத் தாண்ட முடியாதவர்கள் அந்த வாரம் மட்டும் தெருவில் பாடிக்கொண்டு நிற்பார்கள். இளவட்டங்கள் எதற்காகக் கோயில் மேடையில் வந்து உட்காருகிறார்கள் என்பது ஊருக்கும் தெரியும். திருவிழா முடியும் அன்றைக்கு மஞ்சத்தண்ணி. முறைக்காரப் பிள்ளைகள் ஒருவர் மேல் ஒருவர் மஞ்சள் நீரை ஊற்றலாம். முறை இல்லாதவன் மேல் ஒரு சொட்டுப் பட்டாலும் பேச்சாகிவிடும். ஒரு செம்பு மஞ்சத்தண்ணியை வைத்து ஒரு சிறுகதை முழுக்க எழுதலாம்.

பேருந்தை மறந்துவிடாதீர்கள். 1997இல் மினி பஸ் வந்ததும், 2000களில் மேல்நிலைப் பள்ளிப் பிள்ளைகளுக்கு அரசு சைக்கிள் கொடுத்ததும், 2021 மே மாதம் முதல் சாதாரணக் கட்டண நகரப் பேருந்துகளில் பெண்களுக்குக் கட்டணம் இல்லை என்றானதும் பொருளாதாரச் செய்திகள் மட்டும் அல்ல. முன்பு ஒரு பெண் டவுனுக்குப் போக வேண்டுமென்றால் காசு கேட்க வேண்டும். காசு கேட்டால் காரணம் சொல்ல வேண்டும். அந்தக் காரணத்தின் பிடி இப்போது கொஞ்சம் தளர்ந்திருக்கிறது. திண்டுக்கல், விருதுநகர்ப் பக்கம் விடிகாலையில் வந்து பெண்களை ஏற்றிக்கொண்டு போகும் நூல் மில் வேனும் அப்படித்தான். இதையெல்லாம் எழுத ஆள் குறைவாக இருக்கிறது.

'நான் உன்னைக் காதலிக்கிறேன்' என்று கதாபாத்திரம் சொல்லலாமா?

சொல்லலாம், ஆனால் ஊரில் அப்படிச் சொன்னவர்களை நான் பார்த்ததில்லை. 'பிடிச்சிருக்கு' என்பதே பெரிய வார்த்தை. அதற்கு முன்னால் சாடைப்பேச்சு என்று ஒரு முழு மொழி இருக்கிறது. சொல்ல வேண்டியதை அவனிடம் சொல்லாமல் வேறொருவரிடம், அல்லது வேறொன்றிடம், அவன் காதில் விழும்படி சொல்வது.

வேலிக்கு அந்தப் பக்கம் அவன் நிற்கிறான் என்று தெரிந்துகொண்டு ஒரு பெண் ஆட்டைப் பிடித்துக் கட்டுகிறாள்: "ஏ செவலை, நாளைக்கு ஆத்தா சந்தைக்குப் போயிரும். நீயும் நானும் மட்டுந்தேன் கண்மாய்ப் பக்கம். கேட்டுச்சா?" ஆடு தலையை ஆட்டுகிறது. வேலிக்கு அந்தப் பக்கம் ஒரு இருமல். இவ்வளவுதான் காட்சி. இதில் 'காதல்' என்ற சொல்லே இல்லை, நேருக்கு நேர் பார்வையும் இல்லை. ஆனால் நாள், இடம், சம்மதம் மூன்றும் சொல்லியாகிவிட்டது.

இது புதுசும் இல்லை. சங்கப் பாட்டுகளில் 'தலைவன் சிறைப்புறத்தானாக' என்று, பாட்டின் சூழலைச் சொல்லும் துறைக்குறிப்பு வரும். தலைவன் வேலிப்பக்கம் மறைந்து நிற்க, தோழி தலைவியிடம் பேசுவதுபோல அவனுக்குக் கேட்கும்படி பேசுவாள். இரண்டாயிரம் வருஷப் பழக்கம் இன்னும் ஆட்டுக்கொட்டிலில் உயிரோடு இருக்கிறது. இதைவிடப் பெரிய சொத்து ஓர் எழுத்தாளருக்கு வேறு என்ன வேண்டும்?

காதல் தொடங்கிவிட்டது என்பதை எப்படிக் காட்டுவது?

விளிச்சொல்லை வைத்துக் காட்டுங்கள். ஊரில் யாரையும் வெறுமனே கூப்பிட முடியாது. ரத்த உறவு இல்லாவிட்டாலும் அண்ணே, மாமா, மச்சான், மதினி, அப்பத்தா என்று ஏதோ ஒரு முறை வைத்துத்தான் கூப்பிட வேண்டும். அது பிறந்ததிலிருந்தே நாக்கில் இருக்கிறது.

இப்போது யோசித்துப் பாருங்கள். சின்ன வயதிலிருந்து அவனை 'அண்ணே' என்று கூப்பிட்டவள் ஒருநாள் அந்தச் சொல்லை விழுங்கிவிடுகிறாள். 'இந்தாங்க' என்கிறாள், 'உங்களைத்தான்' என்கிறாள், பெயரைச் சொல்லவும் முடியவில்லை, முறையைச் சொல்லவும் மனசில்லை. அந்த இடத்தில் அவனுக்குப் புரிந்துவிடும். பக்கத்தில் நிற்கிற அவளுடைய மதினிக்கு அவனுக்கு முன்னாலேயே புரிந்திருக்கும். ஒரு சொல் காணாமல் போவதை எழுதத் தெரிந்தவர், நிலா, மழை, குயில் எல்லாவற்றையும் விட்டுவிட்டே கதையை நடத்திவிடலாம்.

எதிர்ப்பக்கமும் உண்டு. முறைப்பையனைப் பிடிக்காத பெண் வேண்டுமென்றே அவனை 'அண்ணே' என்று கூப்பிடுவாள். அது கதவைச் சாத்துவதற்குச் சமம்.

முறைப்பெண், முறைமாப்பிள்ளை என்றால் தடையே இல்லையே, அதில் எப்படிக் கதை வரும்?

தடை இல்லை என்பதே ஒரு பாரம். மாமன் மகளுக்கும் அத்தை மகனுக்கும் பிறந்தபோதே ஊர் முடிச்சுப் போட்டுவிடுகிறது. காது குத்தும் வயதிலேயே 'உன் புருஷன் வாரான் பாரு' என்று கேலி செய்கிறார்கள். அந்தப் பிள்ளைகள் ஒருவரை ஒருவர் தாங்களாகப் பார்ப்பதற்கு முன்னால் ஊர் அவர்களைச் சேர்த்துப் பார்த்துவிட்டது. பிறகு அவர்களுக்குள் வருவது காதலா, பழக்கமா, ஊர் சொல்லிக் கொடுத்த பாடமா? இந்தக் கேள்வியை எடுத்துக்கொண்ட கதைகள் குறைவு. நீங்கள் எடுத்துக்கொள்ளுங்கள்.

உரிமை என்ற சொல்லும் இருக்கிறது. 'எனக்கு உரிமைப்பட்டவள்' என்று ஒருவன் சொல்லும்போது அதில் அன்பு எவ்வளவு, சொத்து எவ்வளவு என்று பிரித்துப் பாருங்கள். அக்கா மகளைத் தாய்மாமன் கட்டுகிற வழக்கத்தில் வயது வித்தியாசமும் சேர்ந்துகொள்ளும். படிக்க வேண்டும் என்று ஆசைப்படுகிற பெண்ணுக்கு மாமன் முறை ஒரு சுவராகவும் இருக்கலாம். அப்பாவையே எதிர்த்து அவளைப் படிக்க வைக்கிற மாமனும் ஊரில் இருக்கிறான். இரண்டு பேரையும் நான் பார்த்திருக்கிறேன்.

அடுத்து, பங்காளி வகை. அப்பா வழிச் சொந்தம் எத்தனை தலைமுறை தள்ளி இருந்தாலும் அண்ணன் தங்கை முறைதான். கொங்குப் பக்கம் இதைக் கூட்டம் என்பார்கள். தெற்கே சில சாதிகளில் கிளை என்பார்கள், அது தாய் வழியில் வருவது. ஒரே கூட்டம், ஒரே கிளை என்றால் ஒரே சாதிக்குள்ளேயே கல்யாணம் முடியாது. வெளியிலிருந்து எழுதுகிறவர்கள் பலர் இதைக் கவனிக்காமல் ஒரே குலதெய்வத்துக்குப் பொங்கல் வைக்கும் இரண்டு வீட்டுப் பிள்ளைகளைச் சாதாரணமாகச் சேர்த்து வைத்துவிடுகிறார்கள். ஊர்க்காரர் படித்தால் அந்தப் பக்கத்தோடு புத்தகத்தை மூடிவிடுவார்.

சாதியைத் தொடாமல் ஒரு நல்ல கிராமத்துக் காதல் கதை எழுத முடியாதா?

ஒரே தெருவுக்குள் நடக்கும் கதையாக இருந்தால் சாதிப் பெயரைச் சொல்லாமல் எழுதலாம். ஆனால் சாதி இல்லாத ஊராக எழுதினால் அது பொய். ஊர் ஒரு பக்கம், காலனி ஒரு பக்கம். கண்மாயில் குளிக்கும் துறை தனி, சுடுகாடு தனி. தேர் எந்தத் தெரு வரைக்கும் வருகிறது, எங்கே திரும்பிவிடுகிறது என்பதில் எல்லாமே இருக்கிறது. காதலர்கள் சந்திக்கிற தோப்பு யாருடையது என்று ஒரு வரி எழுதினாலே சாதி உள்ளே வந்துவிடும். அந்த வரியைத் தவிர்க்காதீர்கள்.

இதில் நான் அதிகம் நினைத்துப் பார்ப்பது நாட்டார் கதைகளைத்தான். தென்பகுதியில் வில்லுப்பாட்டாகப் பாடப்படும் முத்துப்பட்டன் கதையில், பிராமணனாகப் பிறந்த ஒருவன் செருப்புத் தைக்கும் குடும்பத்துப் பெண்களான பொம்மக்கா, திம்மக்கா மேல் ஆசைப்படுகிறான். தகப்பன் வாலப்பகடை விதிக்கும் நிபந்தனைக்குச் சம்மதித்துத் தன் சாதி அடையாளத்தை விட்டு, செருப்புத் தைத்து, பெண்களைக் கட்டுகிறான். மாடு திருட வந்தவர்களோடு சண்டையிட்டுச் சாகிறான். பாபநாசத்துக்கு மேலே காரையாறு சொரிமுத்து அய்யனார் கோயிலில் அவன் இன்று பட்டவராயனாக நிற்கிறான். அவனுக்குக் காணிக்கை செருப்பு. எல்லாச் சாதி ஆட்களும் போய்ச் செருப்பைக் கட்டிவிட்டுக் கும்பிடுகிறார்கள்.

காத்தவராயன் ஆரியமாலையை விரும்பியதால் கழுவில் ஏறினான். பொம்மியைக் கூட்டிக்கொண்டு போன மதுரைவீரன் பின்னால் மாறுகால் மாறுகை வாங்கப்பட்டான். இவர்கள் எல்லாம் இன்று ஊர் எல்லையில் சாமிகள். சாதி தாண்டிய காதலுக்காகச் செத்த பெண்கள் கன்னித் தெய்வங்களாகிச் சேலையும் வளையலும் வாங்கிக்கொண்டிருக்கும் ஊர்கள் தெற்கே நிறைய. உயிரோடு இருந்தபோது வாழ விடாதவர்கள், செத்தபிறகு வருஷம் ஒருமுறை பொங்கல் வைத்துப் பயத்தோடு மன்னிப்புக் கேட்கிறார்கள். நம்முடைய ஊரின் மனசாட்சி எங்கே இருக்கிறது என்று தேடுகிறவர்கள் அந்தப் பீடத்தின் முன்னால் போய் நிற்க வேண்டும்.

இந்தக் கதைகளிலிருந்து ஓர் எச்சரிக்கையும் எடுத்துக்கொள்ளலாம். கதைப்பாடலில் மதுரைவீரன் காசி ராஜாவின் மகன், காட்டில் விடப்பட்டு எளிய வீட்டில் வளர்ந்தவன் என்று ஒரு பிறப்புக் கதை உண்டு. 'உண்மையில் அவன் உயர்ந்த பிறப்புதான்' என்று சொன்னால் கேட்கிறவர்களுக்கு மனசு சமாதானமாகிவிடுகிறது. நம் நாவல்களிலும் கடைசி அத்தியாயத்தில் பெண்ணின் உண்மையான பெற்றோர் யார் என்று தெரியவந்து எல்லோரும் ஒரே சாதியாகிவிடும் முடிவு அடிக்கடி வருகிறது. அப்படி முடிக்காதீர்கள். அது காதலர்களை விட்டுவிட்டு ஊரின் பக்கம் போய் நின்றுகொள்வது.

கதாநாயகன் பின்னாலேயே சுற்றுவது ஊர்க் காதலில் சகஜம்தானே?

நடக்கிறது, உண்மை. ஆனால் பின்னால் சுற்றப்படுகிறவள் அன்றாடம் என்ன செய்துகொள்கிறாள் என்று எழுதுகிறீர்களா? வழியை மாற்றுகிறாள், தோழியைத் துணைக்கு வைக்கிறாள், வீட்டில் சொல்ல முடியாமல் இருக்கிறாள். சொன்னால் அவனைக் கண்டிக்க மாட்டார்கள், இவள் படிப்பை நிறுத்திவிடுவார்கள் என்பது அவளுக்குத் தெரியும். ஊரில் எத்தனையோ பெண்களின் பத்தாம் வகுப்பு அதோடு நின்றிருக்கிறது. இதை விட்டுவிட்டு அவனுடைய பாட்டை மட்டும் எழுதினால் பாதிக் கதைதான் எழுதியிருக்கிறீர்கள்.

எங்கள் ஊர்த் திருவிழாக்களில் விடிய விடிய வள்ளி திருமணம் நாடகம் நடக்கும். சங்கரதாஸ் சுவாமிகள் எழுதியது. முருகன் வேடனாக வருவார், விருத்தனாக வருவார், விநாயகரை யானையாக வரவழைத்து வள்ளியைப் பயமுறுத்தவும் செய்வார். ஆக அதிலும் துரத்தல் இருக்கிறது. ஆனால் சனம் தூக்கத்தை விட்டுவிட்டுக் காத்திருப்பது தர்க்கத்துக்காக. தினைப்புனத்தில் ஆலோலம் பாடிக் குருவி விரட்டிக்கொண்டிருக்கும் வள்ளி, முருகனை வரிக்கு வரி மடக்குவார். வள்ளி வேஷத்துக்கு நல்ல ஸ்திரீபார்ட் கிடைத்த இரவில், முருகன் வேஷம் கட்டிய ராஜபார்ட் திணறுவதை நான் முன்வரிசையில் பாய் போட்டு உட்கார்ந்து பார்த்திருக்கிறேன். கைதட்டு வள்ளிக்குத்தான். உங்கள் கதாநாயகிக்கு அந்த வாயைக் கொடுங்கள். 'வேண்டாம்' என்று அவள் சொன்னால் கதை அதைக் கேட்கட்டும்.

கதாநாயகி பள்ளிக்கூடத்தில் படிக்கிறாள். பரவாயில்லையா?

சின்ன வயதுக் கூச்சத்தையும் பார்வையையும் எழுதலாம், அது எல்லோருக்கும் வந்ததுதான். கல்யாணம், கூடல் என்று போனால் நிறுத்துங்கள். கல்யாண வயது பெண்ணுக்கு 18, ஆணுக்கு 21. குழந்தைகளைப் பாலியல் குற்றங்களிலிருந்து காக்க 2012இல் வந்த போக்சோ சட்டப்படி 18க்குக் கீழே உள்ளவர் குழந்தை. பழங்காலக் கதை என்றால் சிறுவயதுக் கல்யாணம் வரும். வந்தால் அந்தப் பிள்ளையின் பயத்தோடு வரட்டும், இனிப்புப் பூசி வேண்டாம்.

சங்க இலக்கியத்துத் தோழிக்கு இன்றைய ஊரில் யார் பதில்?

மதினி. அல்லது கூட வேலைக்குப் போகும் பெண். சில வீடுகளில் அப்பத்தா. பல்லுப்போன அப்பத்தா வெற்றிலையை இடித்துக்கொண்டே பேத்தியின் முகத்தைப் பார்த்து 'எந்த ஊர்க்காரன்டி?' என்று கேட்கும் காட்சியை எத்தனை முறை படித்தாலும் எனக்குச் சலிக்காது. ஆண் பக்கம் ஒரு சிநேகிதன் இருப்பான். டீக்கடையில் இவனுக்காகப் பொய் சொல்லி, கடைசியில் உதை வாங்குகிறவனும் அவன்தான்.

தோழியின் வேலை தூது சொல்வதோடு முடிவதில்லை. விஷயத்தை வீட்டில் எடுத்துச் சொல்வதற்கு அகப்பொருளில் அறத்தொடு நிற்றல் என்று பெயர். கபிலர் பாடிய குறிஞ்சிப்பாட்டின் 261 அடியும் அதற்காகத்தான்: தலைவியின் காதலைத் தோழி, அவளை வளர்த்த செவிலித்தாயிடம் எடுத்துச் சொல்கிறாள். அவ்வளவு பூவும் அருவியும் அடுக்கப்படுவது ஒரு தாயின் மனசை இளக்குவதற்காக. இன்றைக்கு அதை மதினி அடுப்படியில் செய்கிறாள், மாமியாருக்கு வெங்காயம் உரித்துக் கொடுத்துக்கொண்டே. அந்தப் பேச்சை விரிவாக எழுதுங்கள். அவளுக்கும் அந்த வீட்டில் அடி விழும் என்பதையும் சேர்த்து.

செல்போன் வந்தபிறகு இந்தச் சாடையெல்லாம் போய்விட்டதே?

போகவில்லை, வடிவம் மாறியிருக்கிறது. அகப்பொருள் நூல்களில் இரவுச் சந்திப்புக்கு வரும் இடைஞ்சல்கள் பட்டியலாகவே இருக்கும்: தாய் தூங்காதது, நாய் தூங்காதது, ஊர் தூங்காதது, காவலர் சுற்றி வருவது, நிலா வெளிச்சம், கூகை குழறுவது, கோழி கூவிவிடுவது. இன்றைய பட்டியலை நீங்கள் எழுதுங்கள். வீட்டுக்கு ஒரே போன், அது அண்ணன் கையில். திரை வெளிச்சம் போர்வைக்கு வெளியே தெரிகிறது. ரீசார்ஜ் கடைக்காரனுக்கு இரண்டு நம்பரும் தெரியும். கூரைக்குள் சிக்னல் இல்லை, மொட்டை மாடிக்குப் போனால்தான் கிடைக்கிறது. மாடி இல்லாத வீட்டுக்காரி என்ன செய்வாள்?

மிஸ்டு கால் காலத்தில் ஒரு ரிங் என்றால் ஒன்று, இரண்டு ரிங் என்றால் வேறொன்று. இப்போது ஸ்டேட்டஸில் ஒரு பாட்டை வைத்தால் நூறு பேர் பார்ப்பார்கள், ஒருவனுக்கு மட்டும் புரியும். ஆட்டிடம் பேசியதும் இதுவும் ஒன்றுதான். அதே சமயம் போன் பெண்களுக்குப் புது ஆபத்தையும் கொண்டுவந்தது. ஒரு படம் ஊர் முழுக்கப் போக ஒரு நிமிஷம் போதும். அந்தக் காலத்து அலர் தெருத் தெருவாக நடந்து போனது. இன்றைய அலருக்கு நடக்கத் தேவையே இல்லை.

வட்டார வழக்கு எவ்வளவு போடலாம்?

உரையாடலில் தாராளமாக. விவரிப்பில் அளவாக. 'அவுக', 'வந்தாக', 'அவந்தேன்' என்று எங்கள் பக்கம் வரும். அதைக் கோவைக்காரர் வாயில் வைக்காதீர்கள். உறவுப்பெயர்களில்தான் தவறு அதிகம். அண்ணன் மனைவி எங்களுக்கு மதினி, நெல்லைப் பக்கம் மைனி, கொங்கில் நங்கை. செட்டிநாட்டில் அப்பச்சி என்றால் அப்பா. கொங்கில் அம்மாவைப் பெற்ற தாத்தா. தப்பாகப் போட்டால் கதாநாயகி தாத்தாவிடம் சொல்ல வேண்டியதை அப்பாவிடம் சொன்னதாகிவிடும்.

ஓடிப்போகும் காட்சியை எப்படி எழுதுவது?

பெரும்பாலான கதைகள் பஸ் கிளம்புவதோடு நின்றுவிடுகின்றன. சங்கக் கவிகள் உடன்போக்கைப் பாடியபோது, போனவர்களை மட்டும் பாடவில்லை. வெறும் வீட்டில் பந்தையும் பொம்மையையும் பார்த்து அழும் தாயைப் பாடினார்கள். தேடிக்கொண்டு பாலை வழியில் நடந்து, எதிரே வருகிறவர்களிடம் விசாரிக்கும் செவிலியைப் பாடினார்கள். அதை எழுதுங்கள். மறுநாள் காலையில் அந்த வீட்டில் யார் கோலம் போட்டது? அடுத்த தங்கையின் படிப்பு என்ன ஆனது? பையனுடைய அப்பா எந்தக் கடையில் கடன் வாங்கிக்கொண்டிருந்தார், அந்தக் கடை இனி அவருக்குத் தருமா?

போனவர்கள் பக்கமும் விவரம் வேண்டும். ஏதாவது ஒரு கோயிலில் தாலி, அப்புறம் சார்பதிவாளர் அலுவலகம், பாதுகாப்புக் கேட்டுக் காவல் நிலையம். வயதுச் சான்றுக்குப் பள்ளி மாற்றுச் சான்றிதழ் வேண்டும். அதை எடுப்பதற்காகவே அவள் இரண்டு வாரம் முன்பு பீரோச் சாவி எங்கே இருக்கிறது என்று பார்த்திருப்பாள். காவல் நிலையத்தில் இரண்டு குடும்பத்தையும் வரவழைத்து 'பேசி' முடிக்கப் பார்ப்பார்கள். அந்தப் பெஞ்சில் உட்கார்ந்திருக்கும் ஒரு மணி நேரத்தில் எத்தனையோ காதல் முறிந்திருக்கிறது. வயது வந்த இருவர் சம்மதித்துச் செய்யும் கல்யாணத்தில் ஊர்க்கூட்டமோ பஞ்சாயத்தோ தலையிடுவது சட்டவிரோதம் என்று உச்ச நீதிமன்றம் 2018இல் தெளிவாகச் சொல்லிவிட்டது. அந்தத் தீர்ப்புக்கும் இந்தப் பெஞ்சுக்கும் எவ்வளவு தூரம் என்பதை அளக்கிற வேலை கதைக்காரருடையது.

இளவட்டங்களின் காதல் மட்டும்தான் காதலா?

இல்லவே இல்லை. கட்டி வைக்கப்பட்டவர்கள் கல்யாணத்துக்குப் பிறகு மெதுவாக ஒருவரை ஒருவர் விரும்பத் தொடங்குவதை எழுதுங்கள். ஆடி மாசம் புதுப்பெண்ணைத் தாய்வீட்டுக்கு அனுப்பிவிடுவார்கள். அந்த ஒரு மாசத்தில் ஏதாவது சாக்குச் சொல்லிக்கொண்டு மாமனார் ஊருக்கு சைக்கிள் மிதிக்கிற புருஷன் எந்தக் காதலனுக்கும் குறைந்தவன் இல்லை. புருஷனை இழந்தவர்களுக்கு மறுகல்யாணம் செய்து வைக்கும் அறுத்துக்கட்டும் வழக்கம் பல சாதிகளில் முன்பு இருந்தது. பிற்பாடு 'மேலானவர்களைப்' பார்த்து அதை விட்டவர்களும் உண்டு. நாற்பது வயதுப் பெண், பக்கத்து வயல்காரர், ஒரே வாய்க்காலில் மடை மாற்றுகிற இரண்டு பேர். யாராவது எழுத மாட்டார்களா என்று வெகுநாளாகக் காத்திருக்கிறேன்.

கதை சோகமாகத்தான் முடிய வேண்டுமா?

வேண்டியதில்லை. கொலையில் முடிந்த கதைகளை நாம் எழுதத்தான் வேண்டும், அவை நடந்துகொண்டிருக்கும் வரைக்கும். ஆனால் தப்பித்தவர்களும் ஊரில் இருக்கிறார்கள். பத்து வருஷம் கழித்துப் பேரப்பிள்ளைக்கு மொட்டை போடுகிற சாக்கில் வீட்டுக்குள் வந்தவர்கள், தகப்பன் சாவுக்கு வந்து வாசலோடு நின்றவர்கள், திருப்பூரில் வீடு கட்டிவிட்டு ஊருக்கே திரும்பாதவர்கள். சேர்ந்தபிறகு அவர்களுக்குள் சண்டை வரும், காசு இருக்காது, பிள்ளைக்குக் காய்ச்சல் வந்தால் பார்த்துக்கொள்ள ஆத்தா இருக்காது. அந்த வாழ்க்கையை எழுதினாலே போதும்.

நான் கிராமத்தில் வாழ்ந்ததில்லை. எழுதலாமா?

எழுதலாம். ஒரு பொங்கலுக்குப் போய்விட்டு வந்து எழுதாதீர்கள். வெயில் காலத்தில், வேலை இல்லாத சித்திரை வைகாசியில் போய் ஒரு மாசம் இருங்கள். பச்சை வயல் எதுவும் இருக்காது, சீமைக்கருவேலமும் வெடித்த கண்மாயும்தான் இருக்கும். பெண்களோடு நூறுநாள் வேலை நடக்கும் இடத்தில் போய் உட்காருங்கள். மதியச் சோற்றை விரிக்கும்போது யாருடைய வாளி யாருக்குப் பக்கத்தில் இருக்கிறது என்று பாருங்கள். முதல் வாரம் உங்களிடம் யாரும் எதுவும் பேச மாட்டார்கள். இரண்டாவது வாரம் ஏதாவது ஒரு அப்பத்தா, தன்னுடைய கதை என்று சொல்லாமல், 'அந்தக் காலத்துல இங்க ஒருத்தி இருந்தா' என்று தொடங்குவார். நோட்டை எடுக்காமல் கேளுங்கள்.